இரண்டு தாள்

மக்கோவன் வீதியில் பாண் சுடும் ஆலை.
பதினோரு வருசமாய் மூன்றாம் பெல்ற்றில்
இரவு வேலை.
இடது பெருவிரல் மரத்துப்போய்
இது இரண்டாம் பனிக்காலம்.

மேற்பார்வையாளர் வேலைக்கு நாலு தரம் எழுதினேன்.
நாலு தரமும் "அடுத்தமுறை பார்ப்போம்."
ஐந்தாம் தரம் முறைப்பாடு எழுதினேன்.

அலுவலகத்து லொரெய்ன் நல்லவள்.
கதிரையை இழுத்துப்போட்டாள்,
தேத்தண்ணி வேணுமா என்றாள்,
இரண்டு தாள்களை மேசையில் வைத்தாள்.

"பெண் என்பதாலா? பார்,
ஹெதர், டோனா, ஷெரில். மூவரும் மேலே போனவர்கள்."
போனார்கள்தான்.
மாடியில், வெயில் விழும் ஜன்னலோரம் இருந்து
எங்கள் மணித்தியாலங்களைக் கூட்டுகிறார்கள்.

"தமிழர் என்பதாலா? இதோ,
பரஞ்சோதி, இராசநாயகம், குகபாலன்."
அதுவும் பொய்யில்லை.
லொறி ஏற்றும் வாசலில் இருந்து
மீசையோடு ஏறியவர்கள்.

பெண்களின் தாளில் நான் தமிழ்.
தமிழரின் தாளில் நான் பெண்.
லொரெய்னுக்குக் கணக்குச் சரிவந்தது.
தேத்தண்ணி ஆறிவிட்டது.

அவளிடம் சொல்லாத தாள் ஒன்று உண்டு.
அது எங்கேயும் எழுதப்பட்டதில்லை.
முதல் கிழமை, சாப்பாட்டு அறையில்
பரஞ்சோதி கேட்டார்:
"ஊரில எவடம்?"
சொன்னேன்.
"அதில எந்தப் பக்கம்?"
சொன்னேன்.
அவர் சாப்பாட்டுப் பெட்டியை
முழுதாய் மூடவில்லை,
ஒரு விரலளவு மட்டும்
தன்பக்கம் நகர்த்தினார்.
அந்த ஒரு விரலளவை
இங்கிலீசில் எப்படிச் சொல்வது?
எவடம் என்றால் லொரெய்னுக்கு
அது வெறும் விலாசம்.

பெல்ற்றில் எனக்குப் பக்கத்தில் குளோடெற்,
ஜமேக்காவில் பிறந்தவள்.
கதையைக் கேட்டுச் சிரித்தாள்.
"எந்தத் தாளிலும் இல்லாத ஆட்களுக்கு
ஒரு தாள் அடிக்கட்டும்.
நீயும் நானும் முதல் பக்கம்."
நானும் சிரித்தேன்.
மாப்பொடி அவள் இமையிலும் என் இமையிலும்
ஒரே வெள்ளையாய் இருந்தது.

வேலை முடிந்து வெளியே வரும்போது
காவலாளி அவள் பையை மட்டும் திறந்தான்.
ஒவ்வொரு விடியலும் திறப்பான்.
காலுறை, மருந்துப் போத்தல், பைபிள்,
ஒவ்வொன்றாய் மேசையில்.
எனக்குக் கையசைத்தான்: நீ போ.

பனி கொட்டிக்கொண்டிருந்தது.
ஆறு பத்து பஸ் வந்து, நின்று, போனது.
அவள் பை இன்னும் மூடப்படவில்லை.

பதினோரு வருசத்தில்
அந்த பஸ்ஸை நான்
ஒரு நாளும் தவறவிட்டதில்லை.