என் வலது காது

மால்காஸின் முகத்தை நான் சரியாகப் பார்த்ததில்லை.
பன்னிரண்டு வருடம், முப்பத்தொரு ஆட்டம்,
ஆட்டத்துக்கு எட்டோ பத்தோ ஸ்க்ரம்.
என் வலது காதுக்கு அவனுடைய இடது காதைத் தெரியும்,
பிசைந்து மறந்துபோன மாவு மாதிரி இருக்கும்.
அவ்வளவுதான் பழக்கம்.

என் முதுகில் ஒன்று, அவன் முதுகில் மூன்று.
இந்த இரண்டு எண்களும் எதிரெதிரே தலைகொடுத்தால்
பின்னாலிருந்து பதினான்கு பேர் தள்ளுவார்கள்.
'குனி' என்பார் நடுவர்.
'பிடி' என்பார்.
'மோது' என்று அவர் சொல்வதற்குள்
அவன் மூச்சில் பூண்டு வரும்.
வெள்ளிக்கிழமை இரவுகளில் பூண்டு.
பிப்ரவரியில், தேசத்துக்காக ஆடும்போது,
ஏனோ புதினா.

பிரான்ஸின் தென்மேற்கு, இரண்டாம் பிரிவு.
அவன் ஆற்றங்கரை ஊருக்கு ஆடினான்,
நான் பால்கட்டி விற்கும் மலையூருக்கு.
ஜார்ஜியாவிலிருந்து அவனும் ருமேனியாவிலிருந்து நானும்
எடைபோட்டு வாங்கப்பட்டவர்கள்.
என் ஒப்பந்தத்தின் முதல் வரி: நூற்றிருபத்தொரு கிலோ.
பெயரை மூன்றாம் வருடம்தான்
எழுத்துப்பிழை இல்லாமல் அச்சடித்தார்கள்.

அவன் தேறியதை என் தோள் அறியும்.
முதல் வருடம் அவசரக்காரன்,
நடுவர் வாயெடுக்கும் முன்பே மோதுவான்.
நான்காம் வருடம் காத்திருக்கக் கற்றிருந்தான்,
அது இன்னும் மோசம்.
ஏழாம் வருடம் உலகக் கோப்பைக்குப் போய் வந்தபோது
இடுப்பில் புதிதாக ஒரு திருகல் இருந்தது,
யாரோ பெரிய நாட்டுக்காரனிடம் வாங்கி வந்தது.
ஒரு மாதம் என் விலா அதைப் படித்தது.
பத்திரிகைகள் வேறு கணக்கு வைத்திருந்தன:
சர்வதேச ஆட்டங்கள் அறுபத்திரண்டு,
ட்ரை ஒன்று.
அதுவும் மழையில் வழுக்கிப் போய் விழுந்தது.

ஒன்பதாம் வருடம், திபிலீசி.
கோட்டோரம் பனியை மண்வெட்டியால் ஒதுக்கியிருந்தார்கள்.
எழுபத்தெட்டாவது நிமிடம்,
பதினாறுக்குப் பதினைந்து, நாங்கள் முன்னால்,
பந்தும் எங்களுடையது.
நான் அவனுக்கு அடியில் போய்விட்டேன்.
அவன் குதிகால் தரையைவிட்டுக் கிளம்புவது தெரிந்தது.
முன்வரிசையில் பிழைப்பு நடத்துகிறவன்
வாழ்நாளில் மூன்று முறை பெறுகிற சுகம் அது.
அப்போது காதுக்குள் ஒரு சத்தம்,
உலர்ந்த பட்டாணித் தோடு உடைவது போல.
அவன் கழுத்து.
கத்தவில்லை, கத்த இடமில்லை.
என் சட்டையைப் பிடித்திருந்த விரல்கள் மட்டும்
ஒவ்வொன்றாக விட்டன.

நான் எழுந்து நின்றேன்.

விசில்.
'ஒன்று, நிமிர்ந்துவிட்டாய்.'
தண்ட உதை, பதினாறுக்குப் பதினெட்டு,
ஐம்பதாயிரம் பேர் ஒரே தொண்டையாக.
அவன் தாடையை ஒரு கையால் தாங்கியபடி
யாரையும் பார்க்காமல் வெளியே நடந்தான்.
மறுநாள் தாள்களில்,
துர்மனிட்ஸே ருமேனியனை நிற்கவைத்தான்.
விமான நிலையம் வரை பேசாத பயிற்சியாளர்
பெட்டிக்குக் காத்திருக்கும்போது கேட்டார்:
'பயந்துவிட்டாயா?'
ஆமாம் என்றேன். பொய்யில்லை.
என் சர்வதேசக் கணக்கு நாற்பத்தொன்றில் நிற்கிறது.

அக்டோபரில் திரும்பி வந்தான்.
வெள்ளி இரவு, தூறல், முதல் ஸ்க்ரம்,
பூண்டு.
ஐந்து மீட்டர் பின்னால் தள்ளிக்கொண்டு போய்
சேற்றில் மல்லாத்தி
என் நெஞ்சின் மேலேயே உட்கார்ந்தான்.
எழும்போது கை நீட்டினான்,
நான் பிடிப்பதற்குள் இழுத்துக்கொண்டான்.
அடுத்த ஸ்க்ரமில்
'பிடி'க்கும் 'மோது'வுக்கும் நடுவே
ஜார்ஜிய மொழியில் ஒரு சொல் சொன்னான்.
பொருளை யாரிடமும் நான் கேட்கவில்லை.
வசையாகவும் இருக்கலாம்.

போன மே மாதம் ஆட்டத்தைவிட்டுப் போய்விட்டான்.
குட்டாயிசியில் லாரி டயர் விற்கிறானாம்.
இப்போது எனக்கு எதிரே இருபத்திரண்டு வயதுப் பையன்,
மூச்சில் எதுவும் வருவதில்லை.

அவன் ஊர்க் கழகம் அச்சடித்த பிரிவுச் சுவரொட்டி
நெடுஞ்சாலைப் பெட்ரோல் நிலையத்தில் ஒட்டியிருந்தது.
காரை நிறுத்தி இறங்கிப் பார்த்தேன்.
மூக்கு இவ்வளவு சிறியதா என்றேன் மனைவியிடம்.