காந்தாரம் இருக்கும் இடம்

பூங்காவனத்துக்கு ஐம்பத்தொன்று. எனக்கு இருபத்தொன்பது.
"வயசுல சின்னவங்கதான்,
ஆனா டீச்சர்னுதான் கூப்பிடுவேன்" என்றாள்
வந்த அன்றே.

அரவேணுத் தேயிலை ஆலையில்
உருளை இயந்திரத்தை ஒட்டி இருபத்தாறு வருடம்.
இடது காது போயிற்று. வலதில் பாதி.
பிறகு எதற்கு வயலின் என்று கேட்டேன்.
"மிஷின் சத்தத்தை மட்டுமே கேட்டுட்டு
இந்தக் காது மூடிக்கக் கூடாதில்ல."

செவ்வாய், வெள்ளி, ஷிப்ட் முடிந்து ஐந்தேகாலுக்கு.
முழங்கையில் தேயிலைத் தூசி,
முந்தானையில் முடிந்த இரண்டு வர்க்கி.
கோத்தகிரிப் பனியில் பிருடை நிற்காது.
சாக்பீஸ் தேய்த்துத் திருகிக் கொடுப்பேன்;
சரளி வரிசை முடிவதற்குள்
பஞ்சமம் வழுக்கிக்கொண்டு இறங்கியிருக்கும்.
சிரிப்போம்.

தப்பினால் நான் நிறுத்துவதில்லை.
சரிந்த காந்தாரத்தை
அவளே நகர்த்தி மேலே வைத்துவிடுவாள்.
பாதிக் காதே போதும் போலிருக்கிறது என்று
ஒன்றரை வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

குன்னூர் ஆஸ்பத்திரியிலிருந்து
வெறுங்கையோடு திரும்பிய வாரம்
வகுப்பில்லை என்று எல்லோருக்கும் சொல்லியாயிற்று.
அவளுக்கும்தான். காதில் விழவில்லையோ என்னவோ,
வெள்ளிக்கிழமை வந்தாள்.

சுவரைப் பார்த்துப் படுத்திருந்தேன்.
ஜன்னலோரம் கிடந்த மஞ்சள் கம்பளிக் குல்லாயை
(பாதிதான் பின்னியிருந்தேன்)
ஊசியோடு எடுத்து எங்கேயோ வைத்தாள்.
பாய் விரிக்கும் சத்தம். பெட்டியின் கொக்கி.

ஆறுதல் என்று ஒரு வார்த்தை இல்லை.
ஸ, ரி,
காந்தாரம் சரிந்தது. சரிந்தபடியே நின்றது.
மறுபடி முதலிலிருந்து. மறுபடி அதே சரிவு.
செருப்புக்குள் மாட்டிய கல் மாதிரி
அந்த ஒற்றை ஸ்வரம்.
பத்துத் தடவையாவது இருக்கும்.

"என்ன பூங்காவனம், காந்தாரம் எங்கே?"
சுவரிடம்தான் கேட்டேன்.
கேட்டிருக்காது.
கத்திக் கேட்டேன்.
ஆறு நாளில் என்னிடமிருந்து வந்த முதல் குரல்.

"தெரியல டீச்சர்.
அது எப்பவும் உங்க புருவத்துலதானே இருக்கும்.
அந்தப் பக்கம் திரும்பிக்கிட்டா
நான் எங்க போய்த் தேடுறது?"

திரும்பினேன்.
முகத்தைத் துடைக்கத் தோன்றவில்லை.
அவள் வில்லை வைத்தாள்.
அன்று என் புருவம் எப்படி நெளிந்ததோ,
காந்தாரம் ஏறிப்போய்
மத்தியமத்தில் முட்டிக்கொண்டது.

"அவ்வளவு வேண்டாம்" என்றேன். "கொஞ்சம் கீழே."

கீழ்ச் சாலையில்
அரவேணு கடைசி பஸ்
இரண்டு முறை ஹாரன் அடித்தது.
எனக்குக் கேட்டது.
அவளிடம் சொல்லவில்லை.