அடைப்புக்குறிக்குள்

படம் தொண்ணூற்று நான்கு நிமிடம்.
பேச்சு நாற்பத்தொரு சொல்.
சொல்லுக்குப் பன்னிரண்டு காசு என்று
உபியில், ஆறாம் மாடியில், கையெழுத்துப் போட்டபோது
யாரும் இதைச் சொல்லவில்லை.

காது கேளாதவர்களுக்கும் சேர்த்து எழுது என்றாள் ஷஹீரா.
அடைப்புக்குறிக்குள் இருப்பதற்குக் கூலி கிடையாது.
எழுதுகிறேன்:
[காற்று]
[கல்மேல் கல்]
[காற்று]
[தூரத்தில் நீர், அல்லது மந்தை]

ஒரு தாடையெலும்பைத் தூரிகை
எட்டு நிமிடம் துடைக்கிறது.
கடைவாய்ப் பல்லில் சொத்தை.
என் நாக்கு தானாகப் போய்
என் பல்லைத் தொட்டுப் பார்த்தது.
அவனும் இரவெல்லாம் இப்படித்தான்
தொட்டுக்கொண்டே கிடந்திருப்பான்,
வலிக்குப் பெயர் இருந்ததோ இல்லையோ.

பாறையில் ஒரு கைத்தடம் வருகிறது.
கைத்தடத்தைப் பற்றி எல்லாரும் எழுதிவிட்டார்கள்.
[மௌனம்] என்று போட்டுவிட்டு நகர்ந்தேன்.

பிறகு ஒரு வரைபடம். கடல் பின்வாங்குகிறது.
நான் உட்கார்ந்திருக்கும் நாற்காலி தீவில் இல்லை;
சுமத்ராவுக்கு நடந்தே போகலாம்,
கடப்பிதழ் வேண்டாம். [காலடிகள்]
சன்னலுக்கு வெளியே பைலிங் இயந்திரம்
அதே மண்ணை அடித்துக்கொண்டிருந்தது.
ஓசை படத்திலா வெளியிலா என்று
இரண்டு முறை நிறுத்திக் கேட்டேன்.

அறுபத்தேழாம் நிமிடம்.
நடிகைதான்; பூசிய சேறுதான்; தெரியும்.
குழியில் குழந்தையைக் கிடத்துகிறாள்.
தலை சாயாமலிருக்க
ஒரு சிப்பியை அண்டக் கொடுக்கிறாள்.
அப்போது அவளிடமிருந்து ஒன்று வருகிறது.

[அழுகிறாள்] என்று எழுதினேன். அழவில்லை.
[முனகல்]. அது நோயாளிக்கு.
[பெருமூச்சு]. கதைக்காரர்கள் தேய்த்துத் தீர்த்த சொல்.
[புரியாத மொழி] என்று அடித்து,
வெட்கப்பட்டு அழித்தேன்.

தே ஓ ஆறிப்போனது.
ஒப்பாரிக்கு நம்மிடம் பஞ்சமில்லை;
இவளுக்கு முன்னால் அத்தனையும் நீளம்.

பதினோராவது தடவை கேட்டபோது
என் உதடுகள் மூடியிருந்தன.
அடைப்புக்குறிகளை எடுத்துவிட்டு
வசனமாகவே போட்டேன்:

ம்

மூன்று வினாடி திரையில் நிற்கும்.
மென்பொருள் அதையும் எண்ணி
நாற்பத்திரண்டு என்றது.
கணக்கில் ஏன் ஒன்று கூடியது என்று
ஷஹீரா கேட்டால் சொல்லலாம்:
மெய்யெழுத்துதான், அதில் உயிர் இல்லை.

கேட்கமாட்டாள். பன்னிரண்டு காசு.

கடைசிப் பேருந்துக்கு இருபது நிமிடம்;
அறுபத்தெட்டாம் நிமிடம் பாக்கி.
[காற்று]