மறுகா

கல்முனை, பூட்டிக் கிடந்த அரிசி ஆலை.
புரொஜெக்டர் என்னுடையது. கலியாண வீடுகளுக்குக் கொடுப்பது.
வாடகையில் பாதி இன்னும் வரவில்லை.

சஃப்ரீனா நாற்பது குரல்களைப் பதிவுசெய்திருந்தாள்,
பாண்டிருப்பில் இருபது, மருதமுனையில் இருபது.
ஒருவருக்கும் சொல்லாத ஒன்றைச் சொல்லக் கேட்டிருக்கிறாள்.
தொடங்கியவர்கள் பாதி வழியில்
"மறுகா..." என்று இழுத்து
நின்றுவிட்டார்கள்.
மற்றதையெல்லாம் வெட்டி எறிந்துவிட்டு
அந்த ஒரு சொல்லை மட்டும் வைத்துக்கொண்டாள்.

எந்தக் குரல் எந்த ஊர்
என்று பிரிக்கச் சொல்லி மென்பொருளிடம் கொடுத்தாள்.
அது சுவரில் எழுதியது:
மருதா. மறு கால். மருகன்.
ஓரிடத்தில், வெறும் இரைச்சல்.
சதவீதம் மட்டும் தசமம் பிசகாமல்.

சனம் சிரித்தது.
மூன்றாவது ஸ்பீக்கரில் காதை ஒட்டியிருந்த ஒருவர்
"இது நான்" என்றார், ஒருவரையும் பாராமல்.

ஏழே முக்காலுக்குக் கரண்ட் போனது.
சூட்டோடு அணைந்தால் பல்பு பழுதாகும்;
நான் அதைத்தான் நினைத்தேன்.
இருட்டுக்குள் ஒரு பெண்,
எந்த ஊரென்று எனக்கும் பிடிபடவில்லை,
"மறுகா?" என்று கேட்டாள்.

அந்த மனிதர் தொண்டையைச் செருமினார்.

ஜெனரேட்டரை இழுக்கப் போன நான்
கயிற்றைப் பிடித்தபடியே நின்றேன்.