பாண் பொய்த்த ஆண்டு

மாங்குளம் மரவாடியில்
வாள் அறுந்தது, இந்த வருடம் ஆறாவது தடவை.
பேரின்பம் மோட்டரை நிற்பாட்டிவிட்டு
வாய்க்குள் எதையோ வைதார்.
"நேற்று மெஷின் பிடிச்சுப் பாத்தனாங்கள்,
சத்தம் போடேல்லை. ஆழத்தில கிடந்திருக்கு."

கதவு நிலைக்குப் பலகை பார்க்க வந்தவள் நான்.
அந்தத் தேக்கின் குறுக்குத்துண்டைக் கேட்டேன்.
"விறகுக்கும் உதவாது, கொண்டு போ தங்கச்சி."

பதினெட்டு வருடம் பெல்பாஸ்ற்றில்
இதுதான் என் வேலை.
சதுப்புக்குள்ளிருந்து எடுத்த கருவாலியை
அரத்தாளால் தேய்ப்பது,
கண்ணாடிக்குக் கீழே வளையங்களை எண்ணுவது.
மயிரிழை, மயிரிழை, நகத்தின் கனம், மயிரிழை.

ஏரி நடுவே தூண் அடித்து
கல்லும் கிளையும் கொட்டித் தீவு செய்து
அதில் ஏறி இருந்த சனம்.
கெல்ட்டியர் என்கிறோம் நாங்கள்;
தங்களை அவர்கள் அப்படிச் சொன்னதற்கு
ஒரு சான்றும் இல்லை.
பிள்ளையின் தோற்செருப்பு ஒன்று கிடைத்தது,
மர வெண்ணெய்ச் சட்டி,
பல் உடைந்த எலும்புச் சீப்பு.
யாருக்குப் பயந்து தண்ணீருக்குள் போனார்கள் என்று
கருத்தரங்கில் ஒரு மணிநேரம் பேசினார்கள்.
நான் வாய் திறக்கவில்லை.
பனங்குற்றி அடுக்கி மண்மூட்டை போட்ட கூரையின் கீழ்
எனக்குப் பன்னிரண்டு வயது முடிந்தது.

கி.பி. ஐந்நூற்று முப்பத்தாறுக்கு நேரே
வளையம் மெலியும்.
நாலைந்து வருடத்தில் இன்னும் மெலியும்.
எங்கோ எரிமலை, சாம்பல் போர்த்த சூரியன்.
அதே ஆண்டுக்கு நேரே மடத்துக் குறிப்பேட்டில்
லத்தீனில் இரண்டே சொல்:
பெர்திசியோ பானிஸ்.

பானிஸ்.
முதல் தடவை வாசித்தபோது
எனக்குப் பசித்தது.
ரோமிலிருந்து ஒரு கிளை
துறவியின் இறகுப் பேனாவுக்குப் போக,
இன்னொன்று போர்த்துக்கேயனோடு கப்பலேறி
கரை இறங்கி
பாண் ஆகி
இந்தச் சந்தியில் காலை ஆறரைக்குச்
சூடாக இருக்கிறது.

பாண் பொய்த்தது.
மழை பொய்த்தது என்பதுபோல, அவ்வளவுதான்.
எத்தனை பேர், யாருடைய பிள்ளை முதலில்,
எழுதவில்லை.
அவனுக்கும் பசியோ தெரியாது.
அல்லது நூறு வருடம் கழித்து
வயிறு நிறைந்த ஒருவன்
கொட்டாவி விட்டபடி படியெடுத்ததோ.

வாடி மேசையில் தேக்கை வைத்துத் தேய்த்தேன்,
தண்ணீர் தொட்டேன்.
பட்டையிலிருந்து உள்நோக்கிப் பதினைந்தாவது.
காயம் அங்கே தொடங்குகிறது.
பெருவிரல் அளவு இரும்பு,
சுற்றிவரச் சிந்திய பிளேன்டீ நிறம்.
பழக்கத்தில் என் கண் மெலிவைத் தேடியது.

இல்லை. அகலம்.
அந்த மரத்திலேயே ஆகக் கொழுத்த வளையம்.
முந்தின கார்த்திகைப் புயல் கொட்டிய தண்ணீர்,
கொப்பு வெட்ட ஆளில்லாத றோட்டோரம்.
மரம் நன்றாகக் குடித்திருக்கிறது.

ஆயிரத்து ஐந்நூறு வருடம் கழித்து
என்னைப்போல் ஒருத்தி இதைத் தேய்த்தால்
நல்ல ஆண்டு என்று பதிவாள்.
இரும்பு ஒன்று, காரணம் தெரியவில்லை.

பேரின்பத்தைக் கூப்பிட்டுக் காட்டினேன்.
அந்த மாசியில் அவர் மாத்தளனில்.
நான் ஆய்வகத்தில்,
ஐந்நூற்று முப்பத்தாறை அளந்துகொண்டு.

கனநேரம் குனிந்து பார்த்தார்.
"கொழுத்துத்தான் இருக்கு."
காதில் செருகிய சிவப்புப் பென்சிலை எடுத்து
வளையத்தின் மேல் முனையை வைத்தார்.
"அந்த முறை கஞ்சிக்கு..."

வெளியே லொறி ஹோர்ன் அடித்தது.
முதிரைக் குற்றி, ஏழு, இறக்க வேண்டும்.
எழும்பிப் போனார்.

வளையத்தில் ஒரு சிவப்புப் புள்ளி.

சந்தியில் ஒரு றாத்தல் பாண் வாங்கினேன்.
பேப்பரில் சுற்றித் தந்தாள், மிச்சக்காசு இல்லையென்று
இரண்டு ரொபியும் தந்தாள்.
வவுனியா பஸ்ஸில்
பாணும் மரமும் மடியில்.
ஒன்று சூடு.