வெறும் வயிற்றில்

மந்திகை ஆஸ்பத்திரி, காலை ஆறரை.
கிளினிக் கொப்பியோடு நாற்பத்தேழாவது ஆளாக நிற்கிறேன்.
முன்னால் தெரிகிற பிடரி
எனக்குப் பழக்கமானது.
வல்லிபுரநாதர்.

தொண்ணூற்றிரண்டிலும் இதே பிடரி, இப்படியொரு வரிசை.
கையில் மட்டும் கூப்பன் மட்டை.
நான் அன்றைக்குத் தராசுக்கு அந்தப் பக்கம்,
சங்கக்கடை மனேச்சர்.

பருத்தித்துறைக்குக் கப்பல் வந்தால்
செய்தி சைக்கிளில் வரும்.
சாக்குப் பிரிக்குமுன் எறும்புக்குத் தெரியும்,
எறும்புக்கும் முன் யோகம்மாவுக்கு.
உதயன் தாளைச் சுருட்டி ஊற்றுவேன்.
எல்லாக் கண்ணும் தராசு முள்ளில்.
சாக்கு வெறுமையானதும்
கதவைச் சாத்திவிட்டு அதை உதறுவேன்,
மறுபடியும் உதறுவேன்.
சணல் நூலோடு அரைக் கரண்டி தேறும்.
மகள் நூலைத் துப்பிவிட்டுச் சிரிப்பாள்.
இதுவரை யாருக்கும் சொன்னதில்லை.

சீனி வராத மாதங்களில்
உள்ளங்கையில் பனங்கட்டித் துண்டு,
ஒரு கடி, ஒரு மிடறு.
வல்லிபுரநாதர் வீட்டில்
நாகமுத்துவின் கையால் தண்ணி வாங்கிக் குடித்ததில்லை.
அவன் ஏறி இறக்கி, அவன் மனுசி காய்ச்சிய
பனங்கட்டிக் குட்டான் மட்டும்
படலையடியில் கைமாறும்.
காய்ச்சினால் தீட்டுப் போய்விடுமாம்.
எவ்வளவு நேரம் கொதிக்கவேண்டும் என்று
அவரும் சொல்லவில்லை,
நாகமுத்துவும் கேட்கவில்லை.

பிறகு பாதை திறந்தது.
லொறி லொறியாக வந்திறங்கிய வெள்ளையை
கோப்பைக்கு நாலு கரண்டி போட்டுக் குடித்தோம்,
யாரையோ பழிவாங்குவதுபோல.
செத்தவீட்டுக்கும் சோடா உடைத்தோம்.
கனடாவிலிருந்து வந்தவர்கள்
சொக்கிலேற் பெட்டியையும்
தங்கள் மாத்திரைப் பெட்டியையும்
ஒரே பையில் கொண்டுவந்தார்கள்.

"நாற்பத்தாறு!"

மேசையில் நிதர்சினி,
நாகமுத்துவின் பேத்தி.
அவருடைய விரலைப் பிடித்து, பஞ்சால் துடைத்து,
குத்தி, ஒரு துளி எடுக்கிறாள்.
அவர் சுவரில் இருந்த நுளம்புப் படத்தைப் பார்க்கிறார்.
"இருநூற்றுப் பதினாலு, ஐயா.
ராத்திரி என்ன சாப்பிட்டனீங்கள்?"
அவர் வாய் திறக்கவில்லை.

எழுந்து திரும்பும்போதுதான் என்னைக் காண்கிறார்.
முப்பது வருசம் அடக்கி வைத்திருந்தவர்போல
"பிள்ளை, நீ அண்டைக்கு எனக்குக்
குறைச்சுத்தான் நிறுத்தனீ."

சாக்குக் கதை தொண்டைவரை வந்தது.
அதற்குள் என் நம்பர்.

கதவடியில் நின்று
குத்தின விரலை வாயில் வைத்துப் பார்க்கிறார்.
"இனிக்கேல்லை" என்கிறார்,
யாருக்கென்று தெரியவில்லை.