வளைவின் உயரம்

ஹார்ல்போர்ன் கடைத்தெருவில்
கருங்கலைமான் விடுதியை அளக்க வந்திருக்கிறேன்.
முகப்பு செங்கல். மேலே ஏழு ஜன்னல், கீழே நான்கு,
பாடம் ஒப்பிக்கும் பிள்ளைகள்போல் வரிசை பிசகாமல்.
மேலே உள்ளவற்றில் மூன்று பொய்.
ஜன்னலுக்கு வரி போட்ட காலத்தில்
அடைத்துப் பூசி,
பூச்சின்மேல் சட்டமும் கண்ணாடியும் தீட்டியிருக்கிறார்கள்.
தீட்டியவன் குறும்புக்காரன்.
நடு ஜன்னலில் ஒரு பூனையையும் உட்காரவைத்துவிட்டான்.
அதற்கு யாரும் வரி கேட்கவில்லை.

செங்கல்லும் வேடம்தான்.
ஒன்பது அங்குலம் துளைத்தால் ஓக் மரம்,
செங்கல்லுக்கு இருநூறு வருடம் மூத்தது.
உத்திரங்களில் தச்சன் உளியால் கீறிய ரோம எண்கள்:
ஒன்று, இரண்டு, மூன்று, ஆறு, ஐந்து.
நாலு எங்கே என்று
அரைநாள் ஏணியில் நின்று தேடினேன்.
அந்த ஆறுதான் நாலு.
இடப்பக்கம் போடவேண்டிய கோட்டை
வலப்பக்கம் போட்டிருக்கிறான்.
கூரைக்கு எழுத்துப்பிழை தெரியாது, நிற்கிறது.

மாடியில் தரை கிழக்கே சாய்கிறது.
பென்சிலைக் கீழே வைத்தால்
அது தானாகக் கட்டிலடிக்குப் போகும்.
முற்றம் பார்த்துத் திறந்திருந்த நடைமாடத்தைச்
சுவர் வைத்து மூடிக் கம்பளம் விரித்தாயிற்று.

ஆனால் வளைவு.
தெருவிலிருந்து முற்றத்துக்கு வண்டிகள் நுழைந்த வளைவு.
அகலம் ஒன்பதடி. உயரம் பத்தடி நான்கங்குலம்.
இருபுறக் கல்லிலும் அச்சு உரசிய பள்ளம்,
என் உள்ளங்கை அதில் படுக்கும்.
வண்டிக் கூரைமேல் அமர்ந்த ஆள்
தொப்பியோடு பதினோரடி.
கணக்கு அவ்வளவுதான்.

டார்கஸ் பின்னக், விதவை, உரிமையாளர்.
அவளுடைய கணக்கேடு ஈரம் தாக்கி ஊதியிருக்கிறது.
குதிரை அறுபத்திரண்டு. ஓட்ஸ். மெழுகுவர்த்தி.
பிறகு ஒரு ஜனவரி:
"பனி. கூரைப் பயணி ஜேபஸ் ட்ரெங்கோவ்,
கம்பளி வியாபாரி, தூங்கிவிட்டார்.
சவப்பெட்டி, பதினெட்டு ஷில்லிங்."
அடுத்த வரி:
"வளைவை உயர்த்தக் கொத்தனார் கேட்பது நாற்பது பவுண்டு. இல்லை."
அதற்கும் அடுத்த வரி:
"தோல் வார் பன்னிரண்டு, கயிறு, கொக்கி இரண்டு. நான்கு ஷில்லிங்."

தெருவின் குறுக்கே கயிறு கட்டி
வார்களைத் தொங்கவிட்டாள்,
வளைவுக்கு இருபது தப்படி முன்னால்.
தூங்கியவர்கள் முகத்தில் அடி வாங்கினார்கள்.
கஞ்சப் பிசாசே என்று
லண்டன் போகும்வரை திட்டினார்கள்.
திட்டுவதற்கு உயிர் வேண்டும்.
முப்பத்தொரு வருடம், ஏட்டில் இன்னொரு சவப்பெட்டி இல்லை.

ரயில் இரண்டு மைல் தள்ளிப் போட்டார்கள்.
குதிரை நாற்பது. குதிரை பதினொன்று. குதிரை இரண்டு.
கடைசி வண்டி வந்த செவ்வாய்க்கிழமை
உள்ளே ஒரு பாதிரியார், ஒரு வாத்துக் கூடை.
கூரை காலி.
வார்கள் வெறும் காற்றை அடித்திருக்கும்.
மறுநாள் அவள் எழுதியது:
"வார்கள் செருப்புத் தைப்பவருக்கு. ஒன்பது பென்ஸ் வரவு."

இன்றைய முதலாளி திரு. ஹெஸ்கெத்,
வளைவைக் கண்ணாடியால் மூடி வரவேற்பறை ஆக்கலாமா என்கிறார்.
போன் காதில். ஆறடி உயரம்.
வளைவுக்குள் நுழையும்போது லேசாகத் தலை குனிகிறார்.
பீர் பீப்பாய் உருட்டும் பையனும் குனிந்தான்.
காலையில் தபால்காரி, சைக்கிளை விட்டு இறங்காமலே.
தலைக்கு மேலே நாலடி வெற்றிடம்.
"குனிந்தேனா? நானா?" என்றார் ஹெஸ்கெத்.

என் அறிக்கை, பக்கம் பதினேழு:
முகப்பின் இடப்புறம், மழைநீர்க் குழாய்க்குப் பின்னால்,
இரும்புக் கொக்கி ஒன்று. துரு ஏறியது.
எதிர்ச்சாரியில் இருந்த ஜோடியைக் காணோம்.
பயன் ஏதுமில்லை.
இருக்கட்டும்.